ஆடிக் காத்துக்கு ஒரு குளம்!

ஆடி மாசம் முக்கூடலுக்கு வந்தீர்களானால் ஒரு வேடிக்கை பார்க்கலாம். தெரு முழுக்க வெயில் கொளுத்தும். ஆனால் வீட்டுக் கதவெல்லாம் சாத்தியிருக்கும். திருடனுக்குப் பயந்து இல்லை... காத்துக்குப் பயந்து!

பீடிக்குப் பேர்போன ஊராச்சே! தட்டை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தால் இலை, தூள், நூல் எல்லாம் அந்தத் தட்டுக்குள்தான். ஒரு வீச்சு அடித்தால் போதும், காலையிலிருந்து வெட்டின இலை ஆத்தைத் தாண்டிப் போயிடும். எங்கள் சித்தி நாற்பது வருஷமாகப் பீடி சுற்றுகிறவர். போன ஆடிக்கு ஊருக்குப் போனபோது, "சித்தி, புழுங்குது... அந்த ஜன்னலையாவது திறந்து வையேன்" என்றேன்.

"போல... தூளு பூரா பறந்துட்டுன்னா கடைக்காரன் கூலியை நீயா தருவ?" என்றார், தட்டிலிருந்து கண்ணை எடுக்காமல்.

சித்தி ஜன்னலைச் சாத்தி விரட்டுகிற அதே காத்தை, கொஞ்சம் வடக்கே போனால் வா வா என்று கும்பிட்டு வரவேற்கிறார்கள். முக்கூடலிலிருந்து ஆலங்குளம் போய், ஊத்துமலை, தேவர்குளம், கயத்தாறு என்று சுற்றி வாருங்கள். கண்ணுக்கு எட்டினமட்டும் காத்தாடிகள். பனைமரக் கூட்டத்துக்கு நடுவே பனைமரத்தின் அண்ணாச்சி மாதிரி மூன்று கையை விரித்துக்கொண்டு நிற்கின்றன. அந்தப் பக்கத்துப் பிள்ளைகளுக்கு அது அதிசயமே இல்லை. நம்மூர்ப் பிள்ளைக்குப் பாபநாசம் மலை மாதிரி, அதுகளுக்கு அது.

காத்து ஏன் அங்கே மட்டும் அப்படி அடிக்கிறது? மேற்கே சுவர் மாதிரி நிற்கிற தொடர்ச்சி மலையில் மூன்று இடத்தில் பெரிய சந்து விழுந்திருக்கிறது. பாலக்காட்டில் ஒன்று, செங்கோட்டைக்கு மேற்கே ஆரியங்காவில் ஒன்று, தெற்கே ஆரல்வாய்மொழியில் ஒன்று. கேரளாவில் மழையைக் கொட்டிவிட்டு வருகிற தென்மேற்குக் காத்து, இந்தச் சந்துகளில் நெருக்கியடித்துக்கொண்டு நுழைகிறது. தியேட்டர் கேட்டைத் திறந்ததும் கூட்டம் பாயுமே, அந்த மாதிரி. குற்றாலத்தில் நம் முகத்தில் சாரலாகத் தெறித்துச் சிலிர்க்க வைக்கிற அதே காத்துதான், ஈரத்தை உதறிவிட்டு ஊத்துமலைப் பக்கம் காத்தாடியைச் சுற்றுகிறது. குளிச்சுட்டு வேலைக்குப் போகிற காத்து!

இதில் ஒரு கணக்கு உண்டு. காத்தின் வேகம் இரண்டு மடங்கானால் அதிலிருந்து கிடைக்கிற சக்தி இரண்டு மடங்கு ஆகாது. எட்டு மடங்கு ஆகும். அதனால்தான் ஊருக்கு ஊர் காத்து அடித்தாலும், கம்பெனிக்காரர்கள் இந்த மூன்று சந்துகளின் வாசலிலேயே வந்து குவிந்தார்கள்.

ஆரம்பக் கதை எளிமையானது. 1986-ல் தூத்துக்குடி பக்கம் முள்ளக்காட்டில் அரசாங்கம் சோதனைக்காகச் சில காத்தாடிகளை நிறுத்தியது. ஒவ்வொன்றும் 55 கிலோவாட். இன்றைக்கு நிற்கிறதுகளோடு ஒப்பிட்டால் அது குழந்தை. இப்போது வருகிற ஒரு மெஷின் 2,000, 3,000 கிலோவாட் என்று அனாயாசமாகச் சொல்கிறார்கள். அப்புறம் டென்மார்க் நாட்டு உதவியோடு கயத்தாறில் ஒரு காத்தாடிப் பண்ணை வந்தது. கயத்தாறு என்றால் 1799-ல் கட்டபொம்மனைத் தூக்கில் போட்ட ஊர் என்று மட்டும்தான் பள்ளிக்கூடத்தில் படித்திருப்போம். இன்றைக்கு இந்தியாவில் காத்தாடியைச் சோதித்து மார்க் போடுகிற மத்திய அரசின் நிலையம் அந்த ஊரில் இருக்கிறது. பத்திரிகையில் அதைப் பற்றி ஒரு வரி வந்தால் அதிகம்.

தனியார் ஏன் ஓடி வந்தார்கள்? சுற்றுச்சூழல் மேல் திடீரென்று பாசம் பொங்கியதாலா? அட, அதெல்லாம் இல்லை! 1990-களில் காத்தாடி வாங்கினால், போட்ட முதல் முழுவதையும் முதல் வருஷமே தேய்மானம் என்று கணக்குக் காட்டலாம் என்று வருமான வரியில் ஒரு சலுகை இருந்தது. லாபம் வந்த மில் முதலாளியின் காதில் ஆடிட்டர் மெதுவாகச் சொல்வார்: "வரி கட்டுறதுக்கு, ஒரு காத்தாடி வாங்கிப் போட்டுருங்களேன்." முப்பந்தலில் காத்தாடிக் காடு முளைத்தது இப்படித்தான். வரி மிச்சமானதும் சிலருக்குக் காத்தாடி சுற்றுகிறதா, தூங்குகிறதா என்ற கவலையே இல்லாமல் போனதும் உண்டு. இந்தச் சலுகை பிற்பாடு 80 சதவீதமானது, 2012-ல் நின்றது, 2014-ல் திரும்பி வந்தது, 2017-லிருந்து 40 சதவீதம் ஆனது. சலுகையோடு சேர்ந்து காத்தாடி வியாபாரமும் ஏறி இறங்கியது.

ஆனாலும் ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். வரிக்குப் பயந்து வந்தார்களோ, வேறு எதற்கு வந்தார்களோ, தமிழ்நாட்டின் காத்தாடிகளுடைய மொத்தத் திறன் இன்றைக்குப் பத்தாயிரம் மெகாவாட்டைத் தாண்டிவிட்டது. ரொம்ப வருஷம் இந்தியாவிலேயே நாம்தான் முதலிடம். பிறகுதான் குஜராத் முந்திக்கொண்டது. கூடங்குளம் அணு உலைகள் இரண்டு, ஒவ்வொன்றும் ஆயிரம் மெகாவாட். 2013-ல் ஒன்றும் 2016-ல் ஒன்றும் கரண்ட் கொடுக்க ஆரம்பித்தன. அந்த உலையைச் சுற்றிலும்கூட காத்தாடிகள் நிற்கிற காட்சியை ராதாபுரம் பக்கம் போனவர்கள் பார்த்திருப்பார்கள்.

சரி, கிராமத்துக்காரர்கள் என்ன சொல்கிறார்கள்? டீக்கடையில் உட்கார்ந்தால் முதல் புகார் இதுதான்: "இந்தக் காத்தாடி வந்த பெறவுதான் மழையே இல்லாமப் போச்சு. மேகத்தை வெட்டி வெரட்டிருது!"

நம்பாதவர்கள் சிரிக்கலாம். நான் சிரிக்க மாட்டேன். மேகம் கூடி வருவதையும், காத்தாடி சுற்றுவதையும், மழை பெய்யாமல் போவதையும் ஒரே நேரத்தில் பார்க்கிறவனுக்கு அப்படித்தான் தோன்றும். ஆனால் காலண்டரை எடுத்துப் பாருங்கள். காத்தாடி மும்முரமாகச் சுற்றுவது வைகாசியிலிருந்து புரட்டாசி வரைக்கும். அந்த மாசங்களில் நெல்லைச் சமவெளிக்கு எந்தக் காலத்திலும் பெரிய மழை கிடையாது. மலைக்கு அந்தப் பக்கமே கொட்டித் தீர்ந்துவிடும். நம் தாத்தா காலத்திலும் அப்படித்தான். நமக்கு மழை ஐப்பசி, கார்த்திகையில். அந்த நேரம் பார்த்தால் காத்தாடி பெரும்பாலும் சும்மா நிற்கும். அதோடு, மேகத்தை விரட்டுகிற சக்தி அதற்கு இருந்தால் 2023 டிசம்பரில் விரட்டியிருக்கலாமே? காயல்பட்டினத்தில் ஒரே நாளில் ஏறக்குறைய 95 சென்டிமீட்டர் கொட்டி, தாமிரபரணி கரை மீறி, நெல்லையும் தூத்துக்குடியும் மிதந்ததே!

இரண்டாவது புகார்தான் நிஜமான புகார். மழை கதையைச் சொல்லி நாம் அதை மறைத்துவிடுகிறோம் என்று எனக்கு ஒரு சந்தேகம் உண்டு. "நிலத்தை வித்தோம். அன்னைக்குக் கையில வந்த ரூவா பெரிசாத் தெரிஞ்சுது. மக கல்யாணத்துல செலவாயிட்டு. காத்தாடி இன்னைக்கும் சுத்துது... எங்களுக்கு என்ன?"

மானாவாரிக் கரிசல் பூமி. பருத்தியும் உளுந்தும் போட்டுக் கடனாளியானவருக்கு, யாரோ வந்து ரொக்கம் தருகிறேன் என்றால் கசக்குமா? கொடுத்தார். நிலம் போனதோடு உறவு முடிந்தது. மெஷின் ஓடுகிற வருமானம் கோவைக்கோ சென்னைக்கோ போகிறது. உள்ளூர்ப் பையனுக்கு வாட்ச்மேன் வேலை, ஐ.டி.ஐ. படித்திருந்தால் மெஷின் மேலே ஏறுகிற வேலை. அவ்வளவுதான்.

வேறு மாதிரியும் நடந்திருக்கிறது. மேட்டுப்பாளையம் பக்கம் ஓடந்துறை என்று ஒரு பஞ்சாயத்து. தெருவிளக்குக்கும் தண்ணீர் மோட்டாருக்கும் கரண்ட் பில் கட்டி மாளவில்லை என்று 2006-ல் என்ன செய்தார்கள் தெரியுமா? பேங்க்கில் கடன் வாங்கி, பஞ்சாயத்தே சொந்தமாக 350 கிலோவாட் காத்தாடி ஒன்றை வாங்கிப் போட்டுவிட்டது! ஊர் உபயோகத்துக்குப் போக மிச்சத்தை மின்சார வாரியத்துக்கே விற்றது. காத்து அவ்வளவாக இல்லாத ஊர். அதனால் காத்தாடியை உடுமலைப் பக்கம் கொண்டுபோய் நிறுத்தினார்கள். வீட்டு வாசலிலேயே காத்து கதவைத் தட்டுகிற ஊர்களில் எத்தனை பஞ்சாயத்து இதைச் செய்தது என்று கேட்காதீர்கள். எனக்குக் கோபம் வரும்.

இப்போது கரண்ட் விஷயத்துக்கு வருவோம். 2012-ஐ யாராவது மறந்திருப்பீர்களா? சென்னைக்கு வெளியே பன்னிரண்டு மணி நேரம், பதினாலு மணி நேரம் என்று பவர்கட். முக்கூடலில் மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் பீடி சுற்றினார்கள். பத்து நிமிஷத்துக்கொரு தடவை மெழுகுவர்த்தியைப் பார்ப்பதும் பீடிக்கட்டைப் பார்ப்பதுமாக, எங்கே தீப்பிடித்துக்கொள்ளுமோ என்ற பயத்திலேயே ராத்திரி போகும். அந்த நாளில் ஒரு விசித்திரம் கவனித்தோம். காத்து சீசன் வந்தால் பவர்கட் குறையும். காத்து நின்றால் மறுபடி இருட்டு. மின்துறை அமைச்சரைவிட ஆரியங்காவு சந்து முக்கியமான புள்ளியாகிவிட்டது!

அதைவிட விசித்திரம் ஒன்று உண்டு. மாநிலம் இருட்டில் கிடந்த அதே வருஷங்களில், காத்து பிய்த்துக்கொண்டு அடிக்கும்போது "மெஷினை நிறுத்து" என்று காத்தாடிக்காரர்களுக்கு உத்தரவு வந்துகொண்டிருந்தது. பட்டினி கிடக்கிற வீட்டில் சோத்தை வடிகாலில் கொட்டுகிற மாதிரி இல்லையா? இல்லை. இதில் ஒரு சங்கடம் இருக்கிறது.

கல்யாணப் பந்தியை நினைத்துக்கொள்ளுங்கள். இலை போட்டு உட்கார்ந்திருக்கிற ஆளுக்குத் தக்க சோறு வர வேண்டும். சோறு குறைந்தால் மானம் போகும், கூடினால் வீணாகும். பந்தியிலாவது மிச்சச் சோற்றை அண்டாவில் வைக்கலாம். கரண்ட்டுக்கு அண்டா கிடையாது. ஒவ்வொரு வினாடியும் உற்பத்தியும் செலவும் சரிக்குச் சரி இருக்க வேண்டும். அப்போதுதான் லைனில் 50 சைக்கிள் என்கிற துடிப்பு தப்பாமல் நிற்கும். கூடினாலோ குறைந்தாலோ மொத்தப் பந்தலும் சரிந்துவிடும். ராத்திரி இரண்டு மணிக்கு ஊரே தூங்குகிறது. காத்து மட்டும் தூங்காமல் அடிக்கிறது. தூத்துக்குடி அனல் மின்நிலையத்தை அதற்காகப் பாதி ராத்திரியில் அணைத்து, காலையில் ஏற்ற முடியாது. அது விறகடுப்பு மாதிரி... அணைக்கவும் நேரமாகும், பற்றவைக்கவும் நேரமாகும். சரி, மிச்சத்தை வேறு மாநிலத்துக்குக் கொடுக்கலாமே என்றால், அப்போது அதற்குப் போதுமான கம்பி இல்லை. காத்தாடி நட ஆறு மாசம் போதும். கம்பி இழுக்கப் பல வருஷம்!

கம்பி பிறகு வந்தது. 2013 டிசம்பர் 31-ஆம் தேதி தென்னிந்திய மின்தொகுப்பு மற்ற இந்தியாவோடு ஒன்றாக இணைந்தது. கயத்தாறிலிருந்து கரண்டை அள்ளிப்போக 400 கே.வி. லைன்கள் வந்தன. அப்புறம் சத்தீஸ்கரின் ராய்கரிலிருந்து கரூர் பக்கத்துப் புகளூர் வரைக்கும் ராட்சத லைன் ஒன்று ஓட ஆரம்பித்தது. வடக்கே இருந்து கரண்ட் வாங்க என்று போட்ட அந்தப் பாதையில், காத்து சீசனில் தெற்கே இருந்து வடக்கே அனுப்பவும் முடியும்.

இந்தத் தலைவலி நமக்கு மட்டும் என்று நினைக்காதீர்கள். தென்கிழக்கு ஆசியாவில் வியட்நாமைப் பாருங்கள். அங்கே நின் துவான் என்று ஒரு பகுதி. அந்த நாட்டிலேயே மழை குறைந்த, வெயிலும் காத்தும் மிகுந்த சீமை. ஆடு மேய்ப்பார்கள், திராட்சை போடுவார்கள். நம் ராதாபுரம், வள்ளியூர்க்காரர் அங்கே போய் இறங்கினால், "அட, நம்ம ஊரு!" என்பார். அதன் தலைநகராக இருந்தது பான் ராங். பழைய பேர் என்ன தெரியுமோ? பாண்டுரங்கா! சிவனைக் கும்பிட்ட சாம் ராஜாக்களின் கோபுரம் இன்றைக்கும் அங்கே குன்றின் மேல் நிற்கிறது.

2017-ல் வியட்நாம் அரசாங்கம் சூரிய மின்சாரத்துக்கு யூனிட்டுக்கு 9.35 அமெரிக்க சென்ட் தருவதாக அறிவித்தது. 2019 ஜூன் முடிவதற்குள் ஓடவிட்டால்தான் அந்த விலை என்று கெடு. ஆடித் தள்ளுபடி போட்ட ஜவுளிக்கடை மாதிரி கூட்டம் அலைமோதியது. ஏறக்குறைய ஒன்றுமே இல்லாமல் இருந்த நாடு, 2020 முடிவதற்குள் சுமார் 16,500 மெகாவாட் சோலாரை மாட்டி வைத்துவிட்டது. உலகமே மூக்கில் விரலை வைத்தது. அப்புறம்? கம்பி போதவில்லை. நின் துவானில் பேனல் போட்டவர்களுக்கு, நல்ல வெயில் நேரமாகப் பார்த்து "உற்பத்தியைக் குறை" என்று உத்தரவு. ஒரு கம்பெனி பொறுக்க முடியாமல் தானே 500 கே.வி. லைன் போட்டுக்கொண்டது. ஆரல்வாய்மொழிக்காரர் காதில் விழுந்தால், "எங்ககிட்ட ஒரு வார்த்தை கேட்டிருக்கப்படாதா?" என்பார்.

அப்படியானால் கரண்டைத் தேக்கிவைக்கவே முடியாதா? இந்தக் கேள்விக்கு முக்கூடல்காரனுக்குப் புத்தகம் வேண்டாம்; ஆத்தைப் பார்த்தால் போதும். பக்கத்திலேயே அரியநாயகிபுரம் அணை. தாமிரபரணி நெடுக இப்படி எட்டு அணைக்கட்டு. ஆத்தில் வருகிற தண்ணியை மறித்து, காலில் திருப்பி, குளம் குளமாக நிரப்பி, அந்தக் குளத்துத் தண்ணியில் காரும் பிசானமும் விளைய வைத்தார்கள். வெள்ளம் வருகிற மாசம் வேறு, நெல்லுக்குத் தாகம் எடுக்கிற மாசம் வேறு என்று அவர்களுக்குத் தெரியும். நடுவில் குளத்தை வைத்தார்கள். வெள்ளைக்காரன் காலத்தில் 1944-ல் பாபநாசத்தில் மின்நிலையம் ஓடத் தொடங்கியது. 32 மெகாவாட்தான். ஆனால் அணையில் தண்ணி இருந்தால், கேட்கிற நேரத்துக்குக் கரண்ட்! காத்தாடியிடம் அப்படிக் கேட்க முடியுமா?

காத்துக்கு நாம் வெட்டிய குளம் ஒன்று உண்டு... காகிதத்தில். 'பேங்கிங்' என்று பேர். காத்து சீசனில் மில்லுக்காரர் கரண்டை வாரியத்துக்குக் கொடுத்து வைப்பார். மார்ச் 31-க்குள் வேண்டும்போது திருப்பி எடுத்துக்கொள்வார். அவருக்குச் சௌகரியம். ஆனால் ஆடியில் வாங்கின கரண்ட் ஆடியிலேயே தீர்ந்துவிடும். மாசியில் அவர் கேட்கும்போது வாரியம் காசு கொடுத்து வாங்கியோ நிலக்கரி எரித்தோதான் கொடுக்க வேண்டும். 2018-க்குப் பிறகு வந்த மெஷின்களுக்கு வாரியம் அந்த ஒரு வருஷக் கணக்கைத் தருவதில்லை. மில்லுக்காரர்கள் விடுகிறதாக இல்லை. இரண்டு பக்கமும் நியாயம் இருக்கிற சண்டை.

நிஜக் குளமும் உண்டு. கோவை மாவட்டம் ஆழியாறு மலையில் காடம்பாறை. 400 மெகாவாட். கரண்ட் மிஞ்சுகிற நேரம் கீழ் அணைத் தண்ணியை மேல் அணைக்கு ஏற்றிவிடுவார்கள். தட்டுப்பாடு நேரம் அதே தண்ணியை இறக்கி கரண்ட் எடுப்பார்கள். 1980-களின் கடைசியில் வந்தது. அதோடு சரி! காத்தாடி ஆயிரக்கணக்கில் பெருகியது. காடம்பாறைக்கு ஒரு தம்பி இன்னும் பிறக்கவில்லை. நீலகிரியில் குந்தாவில் 500 மெகாவாட்டுக்கு வேலை நடந்துகொண்டே இருக்கிறது. 2024 மே மாசம் தமிழ்நாட்டின் ஒரு நேரத் தேவை 20,830 மெகாவாட்டைத் தொட்டது. அதோடு ஒப்பிட்டால் இந்தக் குளமெல்லாம் கைப்பள்ளம்.

இதற்கு நடுவே பழைய காத்தாடிகள் கிழவனாகிவிட்டன. நல்ல காத்து வருகிற சந்து வாசலில், முதலில் வந்த சின்ன மெஷின்கள் இடத்தைப் பிடித்துக்கொண்டு முனகிக்கொண்டிருக்கின்றன. அதைக் கழற்றிவிட்டுப் பெரிசாகப் போடலாம் என்று 2024-ல் மாநில அரசு ஒரு கொள்கை கொண்டுவந்தது. சொல்வது சுலபம். பெரிய காத்தாடிக்கு இடைவெளி அதிகம் வேண்டும். அப்படியானால் நாலு சின்னக் காத்தாடிக்காரர் சேர்ந்து ஒரு பெரிய காத்தாடி வைக்க வேண்டும். நாலு பங்காளி சேர்ந்து ஒரு கிணறு வெட்டின கதை உங்களுக்குத் தெரியாததா?

இன்னொரு சேதியோடு ஊருக்கு வருவோம். நெல்லைக்கு வடக்கே கங்கைகொண்டான் சிப்காட்டில் டாடா நிறுவனம் சோலார் செல்லும் பேனலும் செய்கிற தொழிற்சாலை வைத்திருக்கிறது. வருஷத்துக்கு 4,300 மெகாவாட் அளவுக்குச் செய்யக்கூடியது. 2025 பிப்ரவரியில் முதலமைச்சர் திறந்துவைத்தார். வேலை செய்கிறவர்களில் பெண்களே அதிகம். பீடித் தட்டைப் பார்த்து வளர்ந்த சீமையில் இது சின்ன விஷயம் இல்லை. நிலத்தைக் கொடுத்துவிட்டு வேலிக்கு வெளியே நின்று பார்த்த கதை மாறி, மாசச் சம்பளம் உள்ளூருக்குள் வருகிறது.

இதையெல்லாம் சித்தியிடம் சொல்லிக்கொண்டிருந்தேன். ஆரியங்காவு, வியட்நாம், காடம்பாறை ஒன்று விடாமல். கேட்டுக்கொண்டே இருந்தார். விரல் மட்டும் நிற்கவில்லை. பேத்தி ஐ.டி.ஐ. முடித்திருக்கிறாள் என்பது எனக்கும் தெரியும்.

"அந்தக் கங்கைகொண்டான் கம்பெனியில பொம்பளப் பிள்ளைகளுக்கு வேலை குடுக்காவளாம்லா?"

"ஆமா சித்தி."

"ஏசி ரூமுன்னு சொன்னா. காத்தே அடிக்காதாம்ல?"

"உள்ளே தூசியே இருக்கக்கூடாது சித்தி. எல்லாம் அடைச்சுத்தான் இருக்கும்."

சித்தி முதல் தடவையாகத் தலையை நிமிர்த்தினார்.

"பெறவு என்ன... அப்ளிகேசன் எங்க கெடைக்கும்னு கேட்டுச் சொல்லு" என்றவர், ஒரு கட்டுப் பீடியை நூலால் இறுக்கிப் போட்டுவிட்டு, "அந்தக் கதவு லேசாத் திறந்துட்டு பாரு, சாத்து" என்றார்.